கையடக்க ஹாட்ஸ்பாட் பெட்டி: வாங்கும் முன்பும் வாங்கிய பின்பும் கேட்கப்படும் கேள்விகள்

கும்பகோணத்துக்குப் பக்கத்தில் ஒரு கிராமத்தில் இருந்துகொண்டு ஐந்து வருடமாக வீட்டிலிருந்தே வேலை பார்க்கிறேன். ஃபைபர் கேபிள் எங்கள் தெரு முனை வரை வந்து அங்கேயே நின்றுவிட்டது. அதனால் சிம் போட்டு வைஃபை தரும் சின்னப் பெட்டிதான் எனக்குச் சோறு போடுகிறது. இதுவரை மூன்று பெட்டி மாற்றிவிட்டேன். சொந்தக்காரர்களும் அக்கம்பக்கத்தாரும் கேட்கும் கேள்விகள் பெரும்பாலும் ஒன்றாகவே இருப்பதால் எல்லாவற்றையும் இங்கே ஒரே இடத்தில் எழுதிவைக்கிறேன்.

போனிலேயே ஹாட்ஸ்பாட் இருக்கிறதே, தனியாக ஒரு பெட்டி எதற்கு?

நிறைய பேருக்குத் தேவையில்லை. வாரத்தில் இரண்டு நாள், நாளுக்கு ஒரு மணி நேரம் லேப்டாப்பில் வேலை என்றால் போன் ஹாட்ஸ்பாட்டே போதும், காசைச் செலவழிக்காதீர்கள்.

தினமும் ஐந்தாறு மணி நேரம் ஓட்டுபவர்களுக்கு நிலைமை வேறு. போன் கொதிக்கும், பேட்டரி ஒரே வருடத்தில் சோர்ந்துபோகும். வீட்டில் அம்மா, தம்பி, தங்கை என்று நாலு பேர் நெட்டை நம்பி இருந்தால், நீங்கள் போனை எடுத்துக்கொண்டு கடைக்குப் போகும்போது அத்தனை பேருக்கும் நெட் போய்விடும்.

இதையெல்லாம் விடப் பெரிய காரணம் இன்னொன்று உண்டு. சிக்னல் கிடைக்கும் இடமும் நீங்கள் உட்காரும் இடமும் பெரும்பாலான வீடுகளில் ஒன்றாக இருப்பதில்லை. போன் உங்கள் கையிலேயே இருக்க வேண்டிய பொருள். பெட்டியை எங்கே டவர் நன்றாக எடுக்கிறதோ அங்கே வைத்துவிட்டு நீங்கள் நிழலில், மின்விசிறிக்குக் கீழே உட்காரலாம். பெட்டி வாங்குவதன் முழுப் பயனும் இதில்தான் இருக்கிறது.

சரி, எந்தப் பெட்டி வாங்கலாம்?

எல்லாரும் முதலில் கேட்பது இதைத்தான். ஆனால் இது கடைசியாக முடிவு செய்ய வேண்டியது. முதலில் உங்கள் வீட்டில் எந்த நிறுவனத்தின் டவர் எடுக்கிறது என்று பாருங்கள். அடுத்தது வீட்டுக்குள் எந்த இடம். அதன் பிறகு எந்த பேக். இந்த மூன்றும் தெரிந்தபின் பெட்டியைத் தேர்ந்தெடுப்பது ஐந்து நிமிட வேலை. வரிசையை மாற்றிப் பெட்டியை முதலில் வாங்கியவர்கள்தான் அப்புறம் "நெட் வரவே இல்லை" என்று சொல்கிறார்கள்.

டவர் எடுக்கிறதா என்று எப்படிச் சரியாகப் பார்ப்பது?

போனில் தெரியும் "ரெண்டு பாயிண்ட், மூணு பாயிண்ட்" கணக்கை நம்பாதீர்கள். எத்தனை சிக்னலுக்கு எத்தனை கோடு காட்டுவது என்பதை ஒவ்வொரு போன் நிறுவனமும் தன் இஷ்டத்துக்கு வைத்துக்கொள்கிறது. எண்ணாகப் பாருங்கள். ஆண்ட்ராய்டு போனில் செட்டிங்ஸ், அதில் "அபௌட் போன்", அதில் சிம் நிலவரம் என்று போனால் சிக்னல் பலம் டிபிஎம் (dBm, சிக்னலை அளக்கும் அலகு) கணக்கில் இருக்கும். சில போன்களில் இடம் கொஞ்சம் மாறியிருக்கும்.

அந்த எண்ணுக்கு முன்னால் ஒரு கழித்தல் குறி உண்டு. அதனால் குறியை விட்டுப் பார்த்தால் எண் சிறியதாக இருந்தால்தான் நல்லது. 4ஜியில் −85 அல்லது அதைவிடச் சிறிய எண் என்றால் அருமை. −100 வரை நிம்மதியாக வேலை நடக்கும். −110ஐத் தாண்டினால் வீடியோ அழைப்பு விட்டுவிட்டுத்தான் வரும். −120 என்றால் அந்த இடத்தை மறந்துவிடுங்கள்.

எங்கள் வீட்டில் நான் செய்ததைச் சொல்கிறேன். ஒரே போனை வைத்துக்கொண்டு, அண்ணன், அண்ணி, எதிர் வீட்டு மாமா என்று ஆளுக்கொரு நிறுவனத்தின் சிம்மைக் கேட்டு வாங்கி ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்தேன். நன்றாக எடுத்த சிம்மில் கூடத்தில் −113. அடுக்களையில் −118. வாசல் திண்ணையில் −104. மாடிப்படி திரும்புகிற இடத்தில் கிழக்குப் பார்த்த ஒரு சின்ன ஜன்னல் உண்டு. பழைய செய்தித்தாள் கட்டு வைக்கிற இடம். அங்கே வைத்ததும் −94. கூடத்துக்கும் அந்த ஜன்னலுக்கும் 19 வித்தியாசம். கேட்க என்னவோ சிறிய எண்தான். ஆனால் இந்தக் கணக்கில் ஒவ்வொரு 3க்கும் சிக்னல் இரண்டு மடங்காகும், 10க்குப் பத்து மடங்காகும். 19 என்றால் கிட்டத்தட்ட 80 மடங்கு. எந்த விலை உயர்ந்த பெட்டியும் இந்த 80 மடங்கைத் தராது. செய்தித்தாள் கட்டை நகர்த்தியதற்கே எனக்கு அது கிடைத்தது.

இந்தச் சோதனையைப் பகலில் ஒரு முறையும், இரவு எட்டு மணிக்கு மேல் ஒரு முறையும் செய்யுங்கள். இரவில் டிபிஎம் மாறாது, ஆனால் வேகம் விழும். ஊரே அந்த நேரத்தில் ஒரே டவரில் வீடியோ பார்க்கும். பகலில் 30 எம்பிபிஎஸ் (நெட் வேகத்தின் அளவு) வந்த சிம்மில் இரவு 3 வந்தால், பகலில் 15, இரவில் 10 என்று நிலையாக வரும் சிம்மே உங்களுக்கு நல்லது.

கடையில் "பேண்ட்" என்கிறார்களே, அது என்ன?

டவர் பேசுகிற அலைவரிசைக்கு உள்ள எண். உங்கள் நிறுவனத்தின் டவர் பேசுகிற பேண்டைப் பெட்டியும் கேட்க வேண்டும். இல்லையென்றால் வீட்டுக்குப் பின்னாலேயே டவர் நின்றாலும் பயனில்லை.

நம் நாட்டில் 4ஜிக்கு ஜியோ பயன்படுத்துவது பேண்ட் 3, 5, 40. அதாவது 1800, 850, 2300 மெகாஹெர்ட்ஸ். ஏர்டெல் தமிழ்நாட்டில் 1, 3, 8, 40. விஐ (வோடபோன் ஐடியா) 1, 3, 8. பிஎஸ்என்எல் 4ஜிக்கு முக்கியமானவை 28, 1, அதாவது 700, 2100 மெகாஹெர்ட்ஸ். 700, 850, 900 போன்ற தாழ்ந்த அலைவரிசைகள் தூரம் போகும், சுவரையும் ஓரளவு ஊடுருவும். 2300 வேகம் தரும், ஆனால் டவருக்குப் பக்கத்தில் இருக்க வேண்டும். வயலுக்கு நடுவே தனித்து நிற்கும் வீடு என்றால் தாழ்ந்த பேண்டுகளை எடுக்கும் பெட்டியாகத் தேடுங்கள். பிஎஸ்என்எல் சிம் போடப் போகிறவர்கள் பேண்ட் 28 இருக்கிறதா என்று அட்டைப்பெட்டியில் பார்க்காமல் காசு கொடுக்க வேண்டாம். பழைய பெட்டிகள் பலவற்றில் அது கிடையாது.

வெளிநாட்டிலிருந்து சொந்தக்காரர் கொண்டுவந்து கொடுத்த பெட்டியில் அடிபடுவதும் இதே விஷயம்தான். அமெரிக்காவுக்கென்று செய்த பெட்டி அந்த நாட்டுப் பேண்டுகளான 2, 4, 12, 13, 66 இவற்றையே நம்பியிருக்கும். ஐரோப்பியப் பெட்டியில் 20 இருக்கும், நமக்கு வேண்டிய 5 பலவற்றில் இருக்காது. ஒரே மாடல் பெயரில்கூட நாட்டுக்கு நாடு பேண்டுகள் மாறும். மாடல் பெயரை மட்டும் பார்த்து ஏமாறாதீர்கள்.

4ஜி போதுமா, 5ஜி பெட்டியே வாங்கிவிடலாமா?

உங்கள் ஜன்னலில் 5ஜி நிலையாக எடுத்தால், கையில் பணமும் இருந்தால், வாங்கலாம். கையடக்க 5ஜி பெட்டிகள் 4ஜி பெட்டிகளை விடப் பல மடங்கு விலை. பேட்டரியும் சீக்கிரம் இறங்கும். 5ஜியின் முக்கியப் பேண்டான 78, அதாவது 3300 மெகாஹெர்ட்ஸுக்கு மேல் உள்ளது, வீட்டுச் சுவருக்குள் வரவே திணறும். இன்னொன்று, ஜியோவின் 5ஜி 4ஜியின் துணை இல்லாமல் தனித்து இயங்கும் வகை. பெட்டியில் "ஸ்டாண்ட்அலோன்" 5ஜி வசதி இல்லையென்றால் அந்த சிம்மில் 5ஜி வராது.

4ஜியில் சாதாரணப் பெட்டிகள் "கேட் 4" வகை, தாளில் 150 எம்பிபிஎஸ். டிபி-லிங்க் எம்7200 போன்றவை இந்த வகைதான். "கேட் 6" என்றால் இரண்டு அலைவரிசையைச் சேர்த்து 300 வரை. நடப்பில் ஊர்ப்பக்கம் 10 முதல் 30 எம்பிபிஎஸ் கிடைத்தால் பெரிது. அந்த வேகத்துக்கு கேட் 4 தாராளம். கேட் 6இன் உண்மையான லாபம் கூட்டமான டவரில்தான் தெரியும். ஒரு அலைவரிசை நெரிசலாக இருக்கும்போது இன்னொன்று கைகொடுக்கும்.

எனக்கு "அன்லிமிடெட் 5ஜி" பேக் இருக்கிறது. அந்த சிம்மையே 4ஜி பெட்டியில் போட்டால் அளவில்லாமல் கிடைக்குமா?

கிடைக்காது. இதில்தான் அதிகம் பேர் ஏமாறுகிறார்கள். அளவில்லாதது 5ஜியில் ஓடும் டேட்டா மட்டுமே. 4ஜி பெட்டியில் போட்டதும் எல்லாம் அன்றைய 2 ஜிபி, 2.5 ஜிபி கணக்கிலிருந்து கழியும். மதியத்துக்குள் தீர்ந்துவிடும். தவிர, இந்தச் சலுகை தனிப்பட்ட உபயோகத்துக்கு மட்டும் என்று நிபந்தனைகளில் எழுதியிருப்பார்கள். கடைக்கோ அலுவலகத்துக்கோ ஓட்டப் போகிறீர்கள் என்றால் அதை ஒரு முறை படித்துவிடுங்கள்.

எனக்கு எவ்வளவு டேட்டா தேவைப்படும்?

உத்தேசமாகச் சொல்கிறேன். குழு வீடியோ அழைப்பு மணிக்கு ஒரு ஜிபியைச் சுற்றி, தெளிவு கூடினால் 2 ஜிபிக்கு மேலும் போகும். கேமராவை அணைத்துக் குரல் மட்டும் என்றால் 50 எம்பிக்குள் முடிந்துவிடும். படம், தொடர் எல்லாம் எச்டியில் பார்த்தால் மணிக்கு 3 ஜிபி வரை, சாதாரணத் தெளிவில் ஒரு ஜிபிக்குள். மின்னஞ்சல், வாட்ஸ்அப் குறுஞ்செய்தி இவையெல்லாம் கணக்கிலேயே வராது.

தினசரி அளவு வைத்த பேக் போனுக்குச் சரி, பெட்டிக்குச் சரிப்படாது என்பது என் கருத்து. ஞாயிற்றுக்கிழமை 2 ஜிபி தொடாமல் வீணாகும், திங்கள் காலை பதினொரு மணிக்கே அன்றைய 2 ஜிபி முடிந்துபோகும். மாதத்துக்கு மொத்தமாக இத்தனை ஜிபி என்று தரும் டேட்டா பேக்கோ, போஸ்ட்பெய்டு இணைப்போ பெட்டிக்குப் பொருந்தும். தினசரி அளவு தீர்ந்தபின் கிடைக்கும் 64 கேபிபிஎஸ் வேகம் என்ன என்று தெரிய வேண்டுமா? ஒரு எம்பி அளவுள்ள ஒரே ஒரு போட்டோ இறங்க இரண்டு நிமிடத்துக்கு மேல் ஆகும்.

ஒன்றுமே செய்யவில்லை, டேட்டா தீர்ந்துவிட்டது. யாராவது திருடுகிறார்களா?

திருட்டாக இருக்கலாம், ஆனால் அநேகமாக உங்கள் வீட்டுப் போன்கள்தான் காரணம். வைஃபை கிடைத்ததும் போன் என்ன நினைக்கிறது என்றால், "இது கேபிள் இணைப்பு, எவ்வளவு வேண்டுமானாலும் இழுக்கலாம்" என்று. பெட்டிக்குள் இருப்பது அளவு வைத்த சிம் என்பது அதற்குத் தெரியாது. உடனே போட்டோக்களை கூகுளுக்கு ஏற்றும், இருபது செயலிகளைப் புதுப்பிக்கும், வாட்ஸ்அப் காப்பு எடுக்கும். லேப்டாப் விண்டோஸ் அப்டேட்டை இறக்கிக்கொள்ளும்.

போன பொங்கலுக்கு அத்தை குடும்பம் வந்திருந்தபோது பிள்ளைகள் ஆறு பேர் பாஸ்வேர்டு கேட்டார்கள், கொடுத்தேன். காப்புக் கட்டிய அன்று எடுத்த வீடியோ, கரும்பு கடித்த வீடியோ, மாட்டுக்கு வர்ணம் அடித்த வீடியோ எல்லாம் ஆறு போனிலிருந்தும் ஒரே நேரத்தில் மேலே ஏறின. அரை மாதத்து டேட்டா ஒரே ராத்திரியில் காலி. பிள்ளைகள் மேல் தப்பே இல்லை, நான்தான் முன்பே அமைத்திருக்க வேண்டும்.

செய்ய வேண்டியது சுலபம். ஆண்ட்ராய்டில் அந்த வைஃபை பெயரைத் தொட்டு உள்ளே போனால் "மீட்டர்டு" (அளவு வைத்த இணைப்பு) என்று ஒரு தேர்வு இருக்கும், அதைப் போடுங்கள். விண்டோஸில் "மீட்டர்டு கனெக்ஷன்", ஐபோனில் "லோ டேட்டா மோட்". ஒவ்வொரு கருவியிலும் ஒரு முறை செய்தால் போதும். பெட்டியின் அமைப்புப் பக்கத்தில் எத்தனை கருவி இணையலாம் என்ற எண்ணிக்கையையும் குறைத்து வையுங்கள்.

அமைப்புப் பக்கம் என்றால்? அதற்கு எப்படிப் போவது?

பெட்டியின் வைஃபையில் இணைந்துகொண்டு, பிரவுசரில் பெட்டிக்குப் பின்னால் ஸ்டிக்கரில் உள்ள முகவரியைப் போட வேண்டும். 192.168.0.1 அல்லது 192.168.1.1 என்று இருப்பதுதான் வழக்கம். உள்ளே போனதும் முதல் வேலையாக இரண்டு பாஸ்வேர்டையும் மாற்றுங்கள். வைஃபை பாஸ்வேர்டு ஒன்று, இந்தப் பக்கத்துக்குள் நுழையும் பாஸ்வேர்டு இன்னொன்று. பலர் முதலாவதை மட்டும் மாற்றிவிட்டு இரண்டாவதை "அட்மின்" என்றே விட்டுவைக்கிறார்கள். பாதுகாப்பு வகையில் டபிள்யூபிஏ2 அல்லது டபிள்யூபிஏ3 இருக்கட்டும். வைஃபைக்கு உங்கள் பெயரையோ கதவு எண்ணையோ வைக்காதீர்கள். பேருந்திலும் ரயிலிலும் சுற்றியிருக்கும் எல்லார் போனிலும் அந்தப் பெயர் தெரியும்.

எந்த சிம்மைப் பெட்டியில் போடக்கூடாது?

வங்கி, ஆதார், கேஸ் இணைப்பு எதிலாவது பதிந்த எண்ணைப் போடவே கூடாது. ஓடிபி எல்லாம் பெட்டிக்குள் வந்து விழும்.

பக்கத்துத் தெருப் பெண் ஒருத்தி பிளஸ் டூ முடித்து, இன்ஜினியரிங் கவுன்சிலிங்கில் கல்லூரிகளை வரிசைப்படுத்த எங்கள் வீட்டு மாடிப்படிக்கு வந்தாள். வரும்போது தன் சிம்மையே கொண்டுவந்து பெட்டியில் போட்டுக்கொண்டாள். கடவுச்சொல் மறந்துவிட்டது. "ஓடிபி அனுப்பிவிட்டோம்" என்கிறது பக்கம், போனிலோ ஒன்றும் வரவில்லை. மூன்று முறை கேட்டுவிட்டாள். கண் கலங்கிவிட்டது. அவள் அப்பா படியிலேயே நின்று கையைப் பிசைந்துகொண்டிருந்தார். பிறகுதான் உறைத்தது. பெட்டியின் அமைப்புப் பக்கத்தில் "எஸ்எம்எஸ்" என்ற பகுதியைத் திறந்தால் மூன்று ஓடிபியும் வரிசையாக உட்கார்ந்திருந்தன. கடைசியாக வந்ததைப் போட்டு உள்ளே போனோம். உங்களுக்கும் இப்படி ஆனால் அங்கே பாருங்கள். எல்லாப் பெட்டியிலும் அந்தப் பகுதி இருக்காது, வாங்கும்போதே கேட்டுக்கொள்ளுங்கள்.

பெட்டிக்கென்று தனி சிம் வாங்கிவிடுவது நல்லது. ஒருவர் பெயரில் 9 சிம் வரை வைத்துக்கொள்ளலாம். வேறொருவர் பெயரில் உள்ள சிம்மில் மாதக்கணக்காக ஓட்டாதீர்கள், பிரச்சினை வந்தால் பெயர் உள்ளவர் தலையில் விழும்.

விலை குறைவாக நிறுவனப் பெயர் போட்ட பெட்டி கிடைக்கிறதே?

அவை பெரும்பாலும் அந்த நிறுவனத்தின் சிம்மை மட்டுமே ஏற்கும். ஜியோஃபை பெட்டியில் ஜியோ சிம்தான் ஓடும். உங்கள் ஜன்னலில் அந்த நிறுவனமே நன்றாக எடுக்கிறது, வேறெங்கும் கொண்டுபோக மாட்டீர்கள் என்றால் வாங்கலாம், நல்ல விலைதான். ஊர் ஊராகப் போகிறவர்கள் பூட்டு இல்லாத பெட்டியைத் தேடுங்கள். என் முதல் பெட்டி பூட்டுள்ளது என்பதைக் கடைக்காரர் சொல்லவில்லை, எனக்கும் கேட்கத் தெரியவில்லை. தங்கை வீட்டுக்கு நீலகிரி பக்கம் போன இடத்தில் அந்த டவர் இல்லை, வேறு சிம்மைப் போட்டால் ஏற்கவில்லை, நாலு நாள் விடுப்பு எடுத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். கடையிலேயே இரண்டு வெவ்வேறு நிறுவனத்தின் சிம்மைப் போட்டு நெட் வருகிறதா என்று பார்த்துவிட்டுக் காசு கொடுங்கள்.

வீட்டில் எங்கே, எப்படி வைப்பது?

ஜன்னல் விளிம்பு, மாடம், பரணின் திறந்த ஓரம் என உயரமான இடமாக இருக்கட்டும். இரும்பு பீரோ மேல், பிரிட்ஜ் பக்கம், மைக்ரோவேவ் பக்கம் வேண்டாம். தகரக் கூரை, இரும்பு ஷட்டர் இரண்டும் சிக்னலைத் தடுப்பதில் சுவரை விட மோசம். கடைக்காரர்கள் ஷட்டருக்குள் பெட்டியை வைத்துவிட்டு நெட் இல்லை என்பார்கள்.

இடத்தில் வைத்தபின் மெதுவாகத் திருப்பிப் பாருங்கள். நிற்க வைத்தால் ஒரு எண், படுக்க வைத்தால் ஒரு எண் வரும். ஒரு சாண் நகர்த்தினால்கூட ஐந்தாறு டிபிஎம் மாறும். ஒவ்வொரு முறையும் அரை நிமிடம் பொறுத்து எண்ணைப் படியுங்கள். நல்ல இடம் கிடைத்ததும் பென்சிலால் ஒரு கோடு போட்டுவிடுங்கள், பெருக்கித் துடைக்கும்போது நகர்ந்துவிடும். நேர் வெயில் மட்டும் படக் கூடாது. சித்திரை வைகாசியில் மதிய வெயில் அடிக்கும் ஜன்னலில் பெட்டி சூடாகித் தானே அணைந்துபோகும். என் ஜன்னல் கிழக்குப் பார்த்தது என்பதால் நான் காலையிலேயே ஒரு அட்டையைச் சாய்த்து நிழல் கட்டிவிடுவேன்.

வைஃபை நாலு கோடும் காட்டுகிறது, நெட் மட்டும் வரவில்லை. ஏன்?

அந்த நாலு கோடு உங்கள் போனுக்கும் பெட்டிக்கும் நடுவே உள்ள சிக்னல். பெட்டிக்கும் டவருக்கும் நடுவே என்ன நடக்கிறது என்று அது சொல்லாது. பெட்டியில் உள்ள சிக்னல் விளக்கைப் பாருங்கள், அமைப்புப் பக்கத்தில் டிபிஎம் பாருங்கள். இரண்டும் சரி என்றால் பேக் தீர்ந்திருக்கிறதா என்று பாருங்கள். அதுவும் இருந்தால் பெட்டியை அணைத்து ஒரு நிமிடம் கழித்துப் போடுங்கள், டவரைப் புதிதாகப் பிடித்துக்கொள்ளும். புது சிம் என்றால் அமைப்புப் பக்கத்தில் ஏபிஎன் (நிறுவனத்தின் நெட்டுக்குள் நுழையும் வாசலின் பெயர்) என்ற இடத்தில் நிறுவனம் சொன்ன பெயர் சரியாக இருக்கிறதா என்றும் ஒரு பார்வை.

எப்போதும் சார்ஜிலேயே போட்டு வைக்கலாமா?

வைக்கலாமா என்று கேட்பவர்கள் எல்லாரும் ஏற்கெனவே வைத்திருப்பவர்கள். என் இரண்டாவது பெட்டி அப்படித்தான் போனது. ஒரு நாள் மேசைமேல் வைத்தேன், சமமாக உட்காராமல் ஆடியது. பின் மூடி நடுவில் லேசாக உப்பியிருந்தது. திறந்தால் பேட்டரி அப்பளம் மாதிரி எழும்பி நிற்கிறது. இப்படி உப்பிய பேட்டரியை அமுக்கக் கூடாது, குத்தக் கூடாது, திரும்ப சார்ஜ் போடக் கூடாது, குப்பையில் எறியவும் கூடாது. தீப்பிடிக்கும். எளிதில் எரியும் பொருள் பக்கத்தில் இல்லாமல் தனியாக வைத்து, மின்கழிவு வாங்கும் இடத்தில் கொடுத்துவிடுங்கள்.

எந்நேரமும் முழு சார்ஜில் சூட்டோடு இருப்பதுதான் லித்தியம் பேட்டரியைக் கெடுப்பது. பேட்டரியைக் கழற்றிவிட்டு நேரடியாக மின்சாரத்தில் ஓடும் பெட்டிகள் உண்டு. உங்களுடையது அப்படி ஓடுகிறதா என்று பாருங்கள், ஓடினால் வீட்டில் அப்படியே ஓட்டுங்கள். ஓடாது என்றால் டைமர் பிளக் போட்டு நாளில் சில மணி நேரம் மட்டும் சார்ஜ் ஏறும்படி வையுங்கள். மாதம் ஒரு முறை பின் மூடியைத் தடவிப் பாருங்கள். மாற்று பேட்டரி வாங்கும்போது பிஐஎஸ் (இந்தியத் தர நிர்ணய அமைப்பு) பதிவு முத்திரை உள்ளதாக வாங்குங்கள். இதில் நூறு ரூபாய் மிச்சம் பிடிக்க வேண்டாம்.

பேட்டரி எத்தனை மணி நேரம் தாங்கும்?

அட்டையில் எட்டு மணி நேரம் என்று போட்டிருந்தால் ஐந்து என்று வைத்துக்கொள்ளுங்கள். சிக்னல் குறைந்த இடத்தில் பெட்டி டவரை எட்டத் தன் முழு பலத்தோடு கத்த வேண்டும், அதனால் இன்னும் சீக்கிரம் இறங்கும். நல்ல ஜன்னல் கிடைத்தால் பேட்டரியும் மிச்சம்.

கரண்ட் போனால் நம் பெட்டி ஓடும், டவருக்கும் கரண்ட் வேண்டுமே. டவரில் உள்ள பேட்டரி சில மணி நேரம் தாங்கும், அதன்பின் ஜெனரேட்டருக்கு டீசல் வந்தால்தான் உண்டு. 2018 நவம்பரில் கஜா புயல் அடித்தபோது டெல்டாவில் பல ஊர்களில் நாள்கணக்கில் போனே பேச முடியவில்லை. மழைக்காலத்துக்கு வேறு நிறுவனத்தின் சிம் ஒன்றையும் ரீசார்ஜ் செய்து கையில் வைத்திருங்கள். இரண்டு நிறுவனமும் ஒரே டவர் கம்பத்தில் தொங்கினால் அந்த ஏற்பாடும் பயன்படாது, அதையும் விசாரித்துக்கொள்ளுங்கள்.

ரயிலில், பேருந்தில் வேலை செய்யலாமா?

மின்னஞ்சல், கோப்பு அனுப்புவது எல்லாம் முடியும். வீடியோ கூட்டத்தை நம்பி உட்காராதீர்கள். ரயிலின் ஏசி கோச்சின் இரும்பு உடலும் கண்ணாடியில் உள்ள பூச்சும் சிக்னலை மிகவும் குறைக்கும். ஜன்னலோரம் வைத்தால் கொஞ்சம் தேவலை.

இந்த நெட்டில் சிசிடிவி கேமராவை வெளியூரிலிருந்து பார்க்க முடியுமா?

கேமரா நிறுவனத்தின் செயலி வழியாகப் பார்க்கும் வகை என்றால் முடியும். ரூட்டரில் "போர்ட் பார்வர்டிங்" செய்து நேராக நுழையும் பழைய வகை டிவிஆர் (கேமராப் பதிவுகளைச் சேமிக்கும் கருவி) என்றால் முடியாது. காரணம், சிம் இணைப்பில் உங்களுக்கென்று தனி வெளி முகவரி கிடையாது. பெரிய அடுக்குமாடிக்கு ஒரே கதவு எண் மாதிரி, பலர் ஒரே ஐபி முகவரியைப் பகிர்கிறார்கள். வெளியிலிருந்து வருபவருக்கு எந்த வீடு என்று தெரியாது. கேமரா இடைவிடாமல் பதிவை மேலே ஏற்றிக்கொண்டிருந்தால் டேட்டாவும் கரையும், அசைவு இருந்தால் மட்டும் ஏற்றும்படி அமையுங்கள்.

வீட்டைவிட்டு எங்கும் எடுத்துப்போக மாட்டேன். அப்போதும் இதுதானா?

அப்படியென்றால் இந்தப் பெட்டியே வேண்டாம். முதலில் ஃபைபர் கிடைக்குமா என்று மறுபடி விசாரியுங்கள். இல்லையென்றால் ஏர்ஃபைபர் என்ற பெயரில் 2023இலிருந்து ஜியோவும் ஏர்டெல்லும் தரும் கம்பியில்லா வீட்டு இணைப்பு உங்கள் ஊரில் உண்டா என்று பாருங்கள். கூரையில் பெரிய ஆன்டெனா வைப்பார்கள், நம் சின்னப் பெட்டியால் அதோடு போட்டி போட முடியாது. அதுவும் இல்லையென்றால் சிம் போடும் பெரிய ரூட்டர், வெளி ஆன்டெனா மாட்டும் துளை உள்ளதாக வாங்குங்கள். பேட்டரி உப்பும் கவலையும் இல்லை.

வெளிநாட்டுக்கு எடுத்துப்போகலாமா?

பூட்டு இல்லாத பெட்டி என்றால் எடுத்துப்போய் அந்த ஊர் சிம்மைப் போடலாம். பேண்ட் 3 சிங்கப்பூர், மலேசியா, இலங்கை, துபாய் எல்லா இடத்திலும் உண்டு. விமானத்தில் கைப்பையில் வையுங்கள். கூடுதல் பேட்டரி இருந்தால் அதைக் கைப்பையில்தான் வைக்க வேண்டும், விமானத்தின் அடியில் போகும் லக்கேஜில் வைக்க அனுமதியில்லை.

பழைய பெட்டி ஒன்று பாதி விலைக்கு வருகிறது, வாங்கலாமா?

நேரில் பார்த்தால் வாங்கலாம். பின் மூடியைக் கழற்றச் சொல்லிப் பேட்டரி தட்டையாக இருக்கிறதா என்று பாருங்கள். அதற்குக் கீழே ஐஎம்இஐ எண் (ஒவ்வொரு கருவிக்கும் உள்ள தனி அடையாள எண்) இருக்கும். அதை அரசின் சஞ்சார் சாத்தி செயலியில் போட்டால் திருட்டுப் பொருளாகப் பதிவாகியிருக்கிறதா என்று தெரியும். உங்கள் ஜன்னலில் நன்றாக எடுத்த அதே சிம்மைக் கையோடு கொண்டுபோய்ப் போட்டு, அரை மணி நேரம் ஓடவிட்டு, சூடு எப்படி ஏறுகிறது என்று தொட்டுப் பாருங்கள். வீட்டுக்கு வந்ததும் சின்னத் துளைக்குள் குண்டூசியால் பத்து விநாடி அழுத்தி ரீசெட் செய்துவிட்டு, பாஸ்வேர்டுகளைப் புதிதாக வைத்தபிறகு உபயோகியுங்கள்.